பாதியில் நின்ற 'ஆபத்து'

என் அத்தைக்கு வயது எழுபத்திரண்டு. நீடாமங்கலத்துக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில் தனியாக இருக்கிறாள். தனியாக என்றால், இரண்டு பசு மாடுகளும் ஒரு செல்போனும் துணை. அந்தச் செல்போன், இந்தக் காலத்துப் பிள்ளைகள் தடவித் தடவிப் பார்க்கிறார்களே, அந்த ஜாதி அல்ல. பொத்தான் வைத்தது. ஒரு தரம் சார்ஜ் ஏற்றினால் நாலைந்து நாள் உயிரோடு இருக்கும். கை தவறிக் கீழே விழுந்தால் தரைக்குத்தான் சேதம்.

சில வருஷங்களுக்கு முன்பு ஒரு நாள் மாலை, சென்னையில் என் தகப்பனாருக்குத் திடீரென்று மார்பில் வலி கண்டது. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக் கொண்டு ஓடினோம். டாக்டர் பார்த்துவிட்டு, "இருதயத்தில் கோளாறு இல்லை, வாயுத் தொல்லைதான். எதற்கும் ஓர் இரவு இருக்கட்டும்" என்றார். எங்களுக்குப் போன உயிர் வந்தது. ஊரிலிருக்கும் தங்கைக்குச் சொல்லி அனுப்ப வேண்டும் என்று தகப்பனார் சொன்னார். 'இங்கே பேசாதீர்' என்று சுவரில் பலகை தொங்கியது. ஆகவே ஒரு குறுஞ்செய்தி தட்டினேன். அத்தைக்கு இங்கிலீஷ் தெரியாது. நல்ல தமிழிலேயே எழுதினேன்:

"அப்பாவை ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம். டாக்டர் பார்த்தார். ஆபத்து எதுவும் இல்லை. பதற வேண்டாம்."

எழுதி அனுப்பிய ஐந்தாவது நிமிஷம் என் கைபேசியில் சார்ஜ் தீர்ந்து போயிற்று. அதைப் பற்றி நான் கவலைப்படவில்லை. சொல்ல வேண்டியதைச் சொல்லியாகிவிட்டதே!

மறுநாள் விடியற்காலையில் ஆஸ்பத்திரி வாசலில் அத்தை நிற்கிறாள். தலை கலைந்திருக்கிறது. முகம் வீங்கியிருக்கிறது. கையில் ஒரு மஞ்சள் பை, விபூதிப் பொட்டலம். கும்பகோணம் வந்து, இரவு பஸ் பிடித்து, வழியெல்லாம் அழுதுகொண்டே வந்திருக்கிறாள். உள்ளே என் தகப்பனார் கட்டிலில் சம்மணம் போட்டுக் காபி குடித்துக் கொண்டிருந்தார்.

"ஏண்டா தம்பி, இப்படியா எழுதுவாய்?" என்று அத்தை கைபேசியை என் முகத்துக்கு நேரே நீட்டினாள். வாங்கிப் பார்த்தேன். பகீரென்றது. முதல் நாள் மாலை அத்தை படித்தது இதுதான்:

"அப்பாவை ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம். டாக்டர் பார்த்தார். ஆபத்"

அவ்வளவுதான். மீதிப் பாதி - 'து எதுவும் இல்லை' என்று தொடங்குகிற பாதி - அத்தை பஸ் ஏறி வெகு நேரத்துக்குப் பிறகு, பைக்குள் இருந்த கைபேசிக்குச் சாவதானமாக வந்து சேர்ந்திருந்தது. இருட்டில் யார் அதை எடுத்துப் பார்ப்பது?

நான் எழுதிய வாக்கியத்தை அந்த இடத்தில் வெட்டியது யார்? கத்திரிக்கோல் யார் கையில் இருந்தது? விசாரித்துப் பார்க்க வேண்டும் என்று அன்றைக்கே தீர்மானித்தேன். விசாரணை என்னை எங்கெங்கோ இழுத்துக் கொண்டு போயிற்று. கடைசியில் ஜெர்மனியில் பான் நகரத்து வீடொன்றில், ஒரு தட்டெழுத்து யந்திரத்தின் முன்னால் கொண்டு போய் நிறுத்தியது!

* * *

நேயர்களே, அங்கே போவதற்கு முன்னால் ஒரு வார்த்தையைத் தெரிந்து கொண்டு விடுவோம். 'ப்ரோட்டோகால்' என்கிறார்கள். ராஜாங்க விருந்தில் எந்த நாட்டு மந்திரிக்கு எந்த நாற்காலி என்பதற்கும் இதுதான் பெயர். இரண்டு யந்திரங்கள் ஒன்றோடொன்று பேசிக் கொள்ளும் முறைக்கும் இதுதான் பெயர். தமிழில் 'நெறிமுறை' என்று எழுதுகிறார்கள். நல்ல சொல்தான். ஆனால் விஷயம் என்னவோ நமக்குப் புதிதல்ல.

தந்தி இருந்த காலம் ஞாபகம் இருக்கிறதா? நம் நாட்டில் 2013 ஜூலையில்தான் அதற்கு மங்களம் பாடினார்கள். கல்யாணத்துக்கு வாழ்த்துத் தந்தி கொடுக்கப் போனால், வாக்கியத்தை எழுத வேண்டியதில்லை. தபாலாபீசில் ஒரு பட்டியல் இருக்கும். வாழ்த்துக்கு ஓர் எண் இருக்கும். எண்ணைச் சொன்னால் போதும். கம்பியில் போவது எண் மட்டுமே. அந்தப் பக்கத்துத் தபாலாபீசில் அதே பட்டியலைப் பார்த்து, எண்ணை மறுபடி வாழ்த்தாக்கிக் கொடுத்து விடுவார்கள். இரண்டு பக்கமும் ஒரே பட்டியல் இருக்கிற வரையில் காரியம் ஜோராக நடக்கும். அந்தப் பக்கம் வேறு பட்டியலாக இருந்துவிட்டால்? கல்யாண வீட்டுக்குத் தீபாவளி வாழ்த்துப் போய்ச் சேரும்!

செல்போனும் இதையேதான் செய்கிறது. எழுத்து என்ற சமாசாரமே அதற்குத் தெரியாது. எண்தான் தெரியும். அந்த எண்ணையும் விளக்குகளைப் போல வைத்துக் கொள்ளுங்கள்: எரிகிறது, அல்லது அணைந்திருக்கிறது. ஏழு விளக்குகளை வரிசையாக வைத்தால், எரிவதும் அணைவதுமாக 128 விதமான கோலங்கள் போடலாம். ஒரு கோலத்துக்கு ஓர் எழுத்து. பதினாறு விளக்கு வைத்தால் 65,536 கோலம். எந்தக் கோலம் எந்த எழுத்து என்று யாராவது உட்கார்ந்து பட்டியல் போட்டாக வேண்டும். பட்டியல் போடுகிற அறையில் யார் யார் உட்கார்ந்திருந்தார்கள் என்பதில்தான் என் அத்தையின் கண்ணீர் இருக்கிறது.

இனி பான் நகரத்துக்குப் போவோம்.

* * *

1985-ஆம் வருஷம். ஐரோப்பிய நாடுகளின் தொலைபேசி இலாகாக்கள் ஒன்று கூடி, எல்லா நாட்டுக்கும் பொதுவான ஒரு கைபேசி முறையைத் திட்டமிட்டுக் கொண்டிருந்தன. பிற்பாடு 'ஜி.எஸ்.எம்.' என்று உலகமெல்லாம் பரவிய முறை அது. அதில் ஈடுபட்டிருந்தவர்களில் ஒருவர் ஃப்ரீட்ஹெல்ம் ஹில்லெப்ராண்ட் என்ற ஜெர்மானிய எஞ்சினீயர். அவருக்கும் அவருடைய சகாக்களுக்கும் ஒரு யோசனை தோன்றியது.

நாம் கைபேசியில் பேசுவதற்குக் குரல் போகும் பாதை ஒன்று இருக்கிறது. அதைத் தவிர, 'உனக்கு அழைப்பு வருகிறது', 'மணியை அடி', 'நீ இப்போது எந்தக் கோபுரத்துக்கு அருகில் இருக்கிறாய்?' என்றெல்லாம் யந்திரங்கள் தங்களுக்குள் கிசுகிசுத்துக் கொள்ளும் பாதை இன்னொன்று உண்டு. பெரிய வீடுகளில் வாசல் வழி ஒன்று, கொல்லைப்புறச் சந்து ஒன்று என்று இருக்குமல்லவா, அது மாதிரி. இந்தக் கொல்லைச் சந்து பெரும்பாலான நேரம் காலியாகத்தான் கிடக்கிறது. அதன் வழியாகச் சின்னச் சின்னச் செய்திகளை அனுப்பினால் என்ன? புதிதாகச் சாலை போட வேண்டாமே!

அபாரமான யுக்தி. ஆனால் சந்து குறுகல். எவ்வளவு பெரிய மூட்டை அதில் நுழையும் என்று கணக்குப் பார்க்க வேண்டியிருந்தது. அதைவிட முக்கியமான கேள்வி: நுழைகிற அளவுக்குள் மனிதர்கள் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடித்து விடுவார்களா? ஹில்லெப்ராண்ட் தம் வீட்டில் தட்டெழுத்து யந்திரத்தின் முன் உட்கார்ந்து, மனத்தில் தோன்றிய வாக்கியங்களையும் கேள்விகளையும் வரிசையாகத் தட்டினார். எழுத்து, எண், புள்ளி, இடைவெளி எல்லாவற்றையும் எண்ணினார். ஒவ்வொன்றும் ஒரு வரி, இரண்டு வரி. அநேகமாக எல்லாம் 160-க்குள் அடங்கிவிட்டன. தபால் கார்டுகளைப் பார்த்தார்கள். பல கார்டுகளில் விஷயம் 150 எழுத்தைத் தாண்டவில்லை. டெலக்ஸ் செய்திகளும் அப்படித்தான். முடிந்தது விஷயம்! 160 எழுத்து போதும் என்று ஏற்பட்டது.

ஒரு செய்திக்கு எட்டு விளக்குகள் கொண்ட பெட்டி 140. ஆக மொத்தம் 1,120 விளக்குகள். ஓர் எழுத்துக்கு ஏழு விளக்கு வீதம் வகுத்துப் பாருங்கள்: சரியாக 160 வருகிறது.

அந்த ஏழு விளக்குப் பட்டியலை நான் ஆசையோடு எடுத்துப் பார்த்தேன். பார்க்க வேண்டிய பட்டியல்தான். ஆங்கிலத்தின் பெரிய எழுத்து, சின்ன எழுத்து எல்லாம் இருக்கின்றன. ஜெர்மானியர்களுக்குத் தலையில் இரண்டு புள்ளி வைத்த எழுத்துக்கள் இருக்கின்றன. ஸ்காண்டிநேவியர்களுக்கு அவர்கள் எழுத்து இருக்கிறது. ஸ்பெயின்காரர்களுக்குத் தலைகீழான கேள்விக்குறி கூட இருக்கிறது. கிரேக்கர்களை மட்டும் கொஞ்சம் சிக்கனமாக நடத்தியிருக்கிறார்கள். அவர்களுடைய பெரிய எழுத்துக்களில் ஆங்கில எழுத்தைப் போலவே இருப்பவற்றை 'அதையே வைத்துக் கொள்ளுங்கள்' என்று விட்டுவிட்டு, மற்றப் பத்து எழுத்துக்களுக்கு மட்டும் இடம் கொடுத்திருக்கிறார்கள். 128 நாற்காலிகள், ஐரோப்பியர்கள் வந்து உட்கார்ந்து பந்தி நிறைந்துவிட்டது.

அவர்கள் பேரில் தப்புச் சொல்ல முடியுமா? தங்கள் ஊர்களுக்காகத் தாங்கள் போட்ட பந்தி. கும்பகோணத்திலிருந்து ஓர் அம்மாள் இதில் சாப்பிட வருவாள் என்று 1985-ல் யார் கண்டார்கள்?

1992-ஆம் வருஷம் டிசம்பர் 3-ந் தேதி இங்கிலாந்தில் நீல் பாப்வொர்த் என்ற இளைஞர், ஒரு கம்ப்யூட்டரிலிருந்து ரிச்சர்ட் ஜார்விஸ் என்பவருடைய கைபேசிக்குக் கிறிஸ்துமஸ் வாழ்த்து அனுப்பினார். உலகத்தின் முதல் குறுஞ்செய்தி அதுதான். பதில் வாழ்த்து வரவில்லை. ஜார்விஸ் மரியாதை தெரியாதவர் அல்ல. அந்தக் கைபேசியில் செய்தி எழுத வழியே கிடையாது!

* * *

இப்போது தமிழுக்கு வருவோம்.

ஏழு விளக்குப் பட்டியலில் தமிழுக்கு நாற்காலி இல்லை என்று பார்த்தோம். ஆகவே தமிழ், ஹிந்தி, சீனம், அராபி எல்லாவற்றுக்கும் சேர்த்துப் பதினாறு விளக்குப் பட்டியல் ஒன்றைக் கையாளுகிறார்கள். யூனிகோடு என்ற உலகப் பொது ஏற்பாட்டிலிருந்து எடுத்தது அது. விளக்கின் மொத்தத் தொகை மாறவில்லை. அதே 1,120 தான். பதினாறால் வகுத்தால்? எழுபது!

வேடிக்கை என்னவென்றால், 150 ஆங்கில எழுத்து எழுதி, நடுவே ஒரே ஒரு தமிழ் எழுத்தை வைத்தால், செய்தி முழுவதுமே பதினாறு விளக்குப் பந்திக்குப் போய்விடும். ஒரு சிரிக்கும் முகப் பொம்மையைச் செருகினாலும் இதே கதிதான்.

சரி, எழுபது எழுத்து கிடைக்கிறதே, போதாதா என்று கேட்பீர்கள். எழுபது 'எழுத்து' என்று யார் சொன்னது? எழுபது இடம். நாம் எழுத்து என்பது வேறு, யந்திரம் இடம் என்பது வேறு.

'தமிழ்' - இதில் எத்தனை எழுத்து? ஒன்றாம் வகுப்புக் குழந்தையைக் கேட்டால், த, மி, ழ், மூன்று என்று சொல்லும. யந்திரத்தைக் கேட்டால் ஐந்து என்கிறது! த ஒன்று, ம ஒன்று, அதன் தலையிலுள்ள இகரக் கொக்கி ஒன்று, ழ ஒன்று, புள்ளி ஒன்று. ஏனென்றால் யூனிகோடின் தமிழ் வரிசை தமிழுக்கென்று தனியாக யோசித்துப் போட்டதல்ல. இந்திய மொழிகளுக்கெல்லாம் பொதுவாக 1980-களில் நம் நாட்டில் 'இஸ்கி' என்று ஓர் அடைவு வகுத்திருந்தார்கள். அதைப் பின்பற்றி யூனிகோடிலும் போட்டார்கள். ஒவ்வொரு மொழிக்கும் 128 நாற்காலி. ஹிந்தியில் கவுக்கு அடுத்தபடி இன்னும் மூன்று கக்கள் உண்டல்லவா? அவற்றுக்கு நேரான இடங்கள் தமிழ் வரிசையில் காலியாகவே கிடக்கின்றன. வராத விருந்தாளிக்கு இலை போட்டு வைத்திருக்கிறார்கள். வந்திருக்கிற மெய்யெழுத்துக்கோ தனி இலை இல்லை! 'க்' வேண்டுமானால் கவுக்கு ஓர் இடம், புள்ளிக்கு ஓர் இடம் என்று இரண்டு இடம் பிடிக்க வேண்டும்.

நம் இலக்கணம் என்ன சொல்கிறது? மெய்க்கு அரை மாத்திரை. குறிலுக்கு ஒரு மாத்திரை. 'க' என்பதே 'க்' என்ற மெய்யின் மேல் அகரம் ஏறிப் பிறந்தது. செல்போன் இலக்கணம் நேர் விரோதம்: ஒரு மாத்திரை 'க' ஓர் இடத்தில் உட்காருகிறது, அரை மாத்திரை 'க்' இரண்டு இடத்தை அடைத்துக் கொள்கிறது. தொல்காப்பியர் கேட்டால் என்ன சொல்வாரோ!

'அம்மா' என்று கூப்பிட்டுப் பார்ப்போம். ஆங்கில எழுத்தில் எழுதினால் நான்கு எழுத்து, 28 விளக்கு. தமிழில் எழுதினால் ஐந்து இடம், 80 விளக்கு. ஏறக்குறைய மூன்று பங்கு! தமிழ்ப் பிள்ளைகள் தமிழை ஆங்கில எழுத்தில் எழுதுகிறார்களே என்று பத்திரிகைகளில் அடிக்கடி அங்கலாய்க்கிறோம். நானே ஒரு முறை அங்கலாய்த்து எழுதியிருக்கிறேன். செய்திக்கு இவ்வளவு காசு என்று எண்ணி வாங்கிய காலத்தில், கைச்செலவுக்குத் தகப்பனாரை நம்பியிருந்த கல்லூரி மாணவன் வேறென்ன செய்வான்? அப்போது பழகிய விரல் இன்னும் அப்படியே எழுதுகிறது. முழுக் குற்றமும் விரலுடையதல்ல என்று இப்போது படுகிறது.

அத்தையின் செய்திக்கு வருகிறேன். எண்ணிப் பார்த்தேன். இடைவெளி, புள்ளி எல்லாம் சேர்த்து 98 இடம். எழுபதுக்கு மேல் போனால் செய்தியை இரண்டு துண்டாக்க வேண்டும். துண்டாக்கினால் 'இது இரண்டில் முதலாவது', 'இது இரண்டில் இரண்டாவது' என்று ஒவ்வொன்றின் முதுகிலும் சீட்டு ஒட்ட வேண்டும். அந்தச் சீட்டுக்கு 48 விளக்கு; அதாவது மூன்று இடம். ஆகவே ஒரு துண்டுக்கு மிஞ்சுவது 67 இடம்தான். என் செய்தியில் அறுபத்தேழாவது இடம் எங்கே விழுகிறது என்று விரல் விட்டு எண்ணினேன். 'ஆபத்து' என்ற சொல்லில், தகரத்தின் தலையிலிருக்கும் புள்ளி!

இரண்டு துண்டும் இரண்டு தனித்தனிச் செய்திகளாகவே பிரயாணம் செய்கின்றன. முதலில் கம்பெனியின் செய்தி நிலையத்துக்குப் போகின்றன. நிலையம் அவற்றை வாங்கி வைத்துக் கொண்டு, கைபேசி அகப்படுகிறதா என்று பார்த்து அனுப்புகிறது. அகப்படாவிட்டால் கொஞ்ச நேரம் கழித்து மறுபடி முயலுகிறது. ஒன்று போய், மற்றது போவதற்குள் கிராமத்தில் சிக்னல் மறைந்துவிட்டால் அவ்வளவுதான். நல்ல கைபேசிகள் முதுகுச் சீட்டைப் படித்து, இரண்டும் வந்த பிறகே சேர்த்துக் காட்டும். அத்தையுடையது வந்ததை வந்தபடி காட்டுகிற ரகம்.

இதற்குப் பரிகாரமே கிடையாதா என்றால், காகிதத்தில் உண்டு. கைபேசி நெறிமுறைகளை வகுக்கும் 3ஜி.பி.பி. என்ற சர்வதேச அமைப்பு, ஏழு விளக்குப் பந்தியிலேயே வேறு மொழிகளுக்கு மாற்றுப் பட்டியல்கள் தயாரித்தது. முதலில் துருக்கி, ஸ்பானிஷ், போர்ச்சுகீசியம். அடுத்த பதிப்பில் தமிழ் உட்பட இந்திய நாட்டில் வழங்கும் பத்து மொழிகள். செய்தியின் முதுகில் 'இது தமிழ்ப் பட்டியல்' என்று சீட்டு ஒட்டிவிட்டால், சுமார் 150 இடம் கிடைக்கும். என் 98 ஒரே மூட்டையில் போயிருக்கும். ஆனால் அனுப்புகிற கைபேசி, பெறுகிற கைபேசி இரண்டுக்கும் அந்தப் பட்டியல் தெரிந்திருக்க வேண்டும். வாழ்த்துத் தந்தி ஞாபகம் இருக்கிறதல்லவா? பட்டியலைப் புஸ்தகத்தில் அச்சிட்டால் போதாது. ஒவ்வொரு தபாலாபீசிலும் மாட்ட வேண்டும். அது பரவலாக நடக்கவில்லை. தமிழ்நாடு அரசாங்கம் 2010-ல், யூனிகோடோடு கூட, ஒவ்வொரு தமிழ் எழுத்துக்கும் ஒரே இடம் தருகிற 'டேஸ்16' என்ற முறையையும் தரமாக அறிவித்தது. உலகமோ அதற்குள் யூனிகோடில் குடியேறிவிட்டது.

* * *

"என்ன ஸார், இந்தக் காலத்தில் யார் குறுஞ்செய்தி அனுப்புகிறார்கள்? எல்லாம் வாட்ஸாப்தானே!" என்று எங்கள் காரியாலயத்து இளைஞர் ஒருவர் குறுக்கிட்டார். நியாயமான கேள்வி.

வாட்ஸாப் முதலியவை கொல்லைச் சந்து வழியாக வருவதில்லை. இன்டர்நெட் என்ற ராஜபாட்டையில் வருகின்றன. அந்தப் பாட்டைக்கு விதி வகுத்தவர்கள் விண்ட் செர்ஃப், பாப் கான் என்ற இரண்டு அமெரிக்கர்கள். 1974-ல் திட்டத்தை வெளியிட்டார்கள். 1983-ஆம் வருஷம் ஜனவரி முதல் தேதி, அப்போதிருந்த 'அர்ப்பாநெட்' வலை முழுவதும் அந்த விதிக்கு மாறியது. அதிலும் செய்தியைத் துண்டு துண்டாக்கித்தான் அனுப்புகிறார்கள். இங்கேதான் வித்தியாசம்: ஒவ்வொரு துண்டுக்கும் வரிசை எண் உண்டு, பெறுகிறவன் 'இதுவரை வந்தது' என்று ரசீது கொடுத்தாக வேண்டும், ரசீது வராவிட்டால் அனுப்பியவன் மறுபடி அனுப்புவான். வரிசை தவறி வந்தாலும் அடுக்கி, முழுசாக்கிய பிறகே மேலே கொடுப்பான். 'ஆபத்' என்று பாதியில் யார் கையிலும் திணிக்க மாட்டான்.

அங்கேயும் தமிழுக்குக் கட்டணம் கூடுதல்தான். 'யூ.டி.எஃப்-8' என்ற எழுத்து முறை அங்கே வழக்கம். கென் தாம்ஸன் என்பவர் 1992-ல் நியூஜெர்ஸியில் ஓர் ஓட்டலில் ராப் பைக்குடன் சாப்பிடும்போது, தட்டுக்கு அடியில் விரித்திருந்த காகிதத்தில் கிறுக்கியது அது. ஆங்கில எழுத்துக்கு ஒரு பெட்டி, தமிழ் இடத்துக்கு மூன்று பெட்டி. 'தமிழ்' என்று எழுதப் பதினைந்து பெட்டி! ஆனால் ராஜபாட்டை அகலம். ஒரு பூனைக்குட்டியின் படம் போகிற இடத்தில் பதினைந்து பெட்டியை யார் கணக்குப் பார்க்கிறார்கள்?

வாட்ஸாப்பில் ஒரு குறி விழுந்தால் அவர்களுடைய நிலையத்துக்குப் போயிற்று என்று அர்த்தம். இரண்டு குறி விழுந்தால் எதிராளியின் கைபேசிக்குப் போய்விட்டது. நீலமானால் படித்தாயிற்று. (படித்தும் பதில் எழுதாத மாப்பிள்ளைகளைப் பற்றிய வியாசம் இதுவல்ல.) 2016 முதல் செய்திகளைப் பூட்டியே அனுப்புகிறார்கள். சாவி இரண்டு முனையிலும் மட்டும் இருக்கிறது.

ராஜபாட்டை இவ்வளவு சிலாக்கியமானது என்றால் கொல்லைச் சந்தை அடைத்து விடலாமே? அங்கேதான் சங்கடம். அத்தையின் பொத்தான் போன் ராஜபாட்டைக்கு வராது. அதோடு, பணத்துக்குச் சாவி என்று வங்கிகள் அனுப்புகின்றனவே, 'ஓ.டி.பி.' என்ற ரகசிய எண், அது பெரும்பாலும் இன்னமும் சந்து வழியாகத்தான் வந்துகொண்டிருக்கிறது. அந்தச் சந்தின் விதிகள் 1970, 80-களில் ஏற்பட்டவை. அப்போது சந்துக்குள் நடமாடியவர்கள் சில அரசாங்கத் தொலைபேசி இலாகாக்கள், ஒருவரையொருவர் தெரிந்தவர்கள். ஆகவே 'நீ யார்?' என்று கேட்கும் வழக்கத்தையே வைக்கவில்லை. இன்றைக்கு உலகமெங்கும் நூற்றுக் கணக்கான கம்பெனிகள் அதில் புழங்குகின்றன. 2014 டிசம்பரில் ஜெர்மானிய ஆராய்ச்சியாளர்கள் இந்த ஓட்டையை மேடை போட்டு விளக்கினார்கள். 2017-ல் அதே ஜெர்மனியில் சில வங்கி வாடிக்கைக்காரர்களின் ரகசிய எண்களைத் திருடர்கள் இந்தச் சந்திலேயே மறித்து வாங்கிப் பணத்தைக் கொண்டு போனார்கள்.

ஆனால் நீடாமங்கலம் பக்கத்தில் திருடனுக்கு அவ்வளவு படிப்பு தேவையில்லை. போன் செய்து, "அம்மா, வங்கியிலிருந்து பேசுகிறோம். உங்களுக்கு இப்போது வந்த எண்ணைச் சொல்லுங்கள்" என்று கேட்டாலே போதும். எண் வந்த செய்தியிலேயே 'யாரிடமும் சொல்லாதே' என்று எச்சரிக்கை எழுதித்தான் இருக்கிறது. அத்தைக்கு வந்த செய்தியில் அது இங்கிலீஷில் இருந்தது!

அதையே தமிழில் எழுதிப் பார்த்தேன்.

"இந்த எண்ணை யாரிடமும் சொல்லாதீர்கள். வங்கியிலிருந்து யாரும் கேட்க மாட்டார்கள்."

நம் கணக்கில் 38 எழுத்து. யந்திரக் கணக்கில், இடைவெளியும் புள்ளியும் சேர்த்து 77 இடம். இன்னும் ரகசிய எண்ணை எழுதவே இல்லை. அதற்குள் ஏழு இடம் அதிகம். இரண்டு துண்டாகும். இரண்டு துண்டென்றால் இரண்டு செய்திக்குக் கூலி. லக்ஷக்கணக்கில் அனுப்புகிறவர்கள் ஏன் இங்கிலீஷோடு நின்றுவிடுகிறார்கள் என்பதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கக் கூடும்.

துண்டு எங்கே விழுகிறது என்று மறுபடியும் எண்ணினேன். எண்ணி முடித்ததும் சிறிது நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். முதல் துண்டின் கடைசி வார்த்தைகள் இவை: 'வங்கியிலிருந்து யாரும் கேட்க மா'.

தமிழில் 'இல்லை', 'வேண்டாம்', 'மாட்டார்' எல்லாம் கடைசியில்தான் வரும். இங்கிலீஷ்காரன் 'கூடாது' என்பதை முன்னால் போட்டுவிட்டு மற்றதைச் சொல்வான். நாம் மற்றதையெல்லாம் சொல்லிவிட்டு நிதானமாக 'கூடாது' என்போம். பான் நகரத்தில் எண்ணிய வாக்கியங்களுக்கு வால் வெட்டுப்பட்டால் வால்தான் போகும். நம் வாக்கியத்துக்கு வால் போனால் உயிரே போய்விடுகிறது.

இதைத் தெரிந்து கொண்ட பிறகு, அத்தைக்கு எழுதும் முறையை மாற்றிக் கொண்டேன். வயிற்றில் பாலை வார்க்கிற வார்த்தை முதலில், மற்றதெல்லாம் பிறகு. 70 இடத்துக்குள் அடக்கம். அன்றைய செய்தியையே புது முறையில் எழுதி, போன மாதம் ஊருக்குப் போயிருந்தபோது அத்தையிடம் பெருமையாகக் காட்டினேன்:

"ஆபத்து இல்லை. அப்பா ஆஸ்பத்திரியில். நாளை வருவார். பதற வேண்டாம்."

"அறுபத்து மூன்றே இடம், அத்தை! துண்டே ஆகாது!" என்றேன்.

அத்தை மூக்குக் கண்ணாடியைப் போட்டுக் கொண்டு படித்தாள். இரண்டாந்தரமும் படித்தாள்.

"அது சரி. எடுத்த எடுப்பில் 'ஆபத்து' என்று ஏன் எழுத வேண்டும்? 'அப்பா சௌக்கியம்' என்று எழுதக் கூடாதோ?"

விரலை மடக்கி எண்ணிப் பார்த்தேன். பதினைந்து இடம்.